பொய்யறியும் கருவியும் மெய்யறியும் கடமையும்

குற்றம் சாட்டப்பட்ட ஒருவர் உண்மை கண்டறியும் சோதனைக்கு உடன்பட மறுத்தால், மடியில் கனமில்லையேல் வழியில் பயம் எதற்கு என ஊரார் கேட்பர். கொட்டிவாக்கத்துச் சபையாரும் அவ்வாறு கேட்கக்கூடும். திருச்சியில் 2012 இல் கொலையுண்ட இராமஜெயம் வழக்கில், பலர் நீதிமன்றத்தில் இசைவு தெரிவித்து 2023 இல் இச்சோதனைக்கு உட்பட்டதை அவர்கள் நாளேடுகளில் வாசித்தனர். ஊராரின் கேள்விக்குப் போதகர் கூறவேண்டிய மறுமொழி யாது?

முதலாவது, கருவியின் இயல்பை அறிதல் வேண்டும். 'பாலிகிராஃப்' எனும் சாதனம் மூச்சு, இரத்த அழுத்தம், நாடித்துடிப்பு, வியர்வை ஆகியவற்றின் மாறுதல்களைப் பதிவு செய்கிறது. இவை மனக்கலக்கத்தின் அடையாளங்கள். பொய்க்கெனத் தனி அடையாளம் உடலில் இல்லை. ஆகவே அஞ்சி நடுங்கும் நிரபராதி பொய்யனெனக் காணப்படலாம், நெஞ்சழுத்தமுள்ளவன் தப்பலாம். சோவியத் நாட்டுக்கு உளவு சொன்ன அமெரிக்க அதிகாரி ஆல்ட்ரிச் ஏம்ஸ், 1986 இலும் 1991 இலும் இச்சோதனைகளில் தேறி, 1994 இல்தான் கைதானார்.

இரண்டாவது, சட்டத்தின் நிலை. செல்வி எதிர் கர்நாடக மாநிலம் என்னும் வழக்கில் நம் உச்ச நீதிமன்றம் 2010 மே 5 அன்று தீர்ப்பளித்தது. ஒருவரது விருப்பத்திற்கு மாறாக இச்சோதனையை நடத்துவது, அரசியலமைப்பின் 20(3), 21 ஆம் பிரிவுகளுக்கு முரணாகும். எவரும் தமக்கெதிராகத் தாமே சாட்சி கூறக் கட்டாயப்படுத்தப்படலாகாது. விரும்பி உட்பட்டாலும் சோதனையின் முடிவு தானே சான்றாகாது. அதன் வழியாகப் பின்னர் கண்டறியப்படுவது மட்டுமே சான்றாக ஏற்கப்படலாம். சோதனைக்குமுன் வழக்கறிஞரைக் கலந்துகொள்ளவும் அவருக்கு உரிமையுண்டு.

மூன்றாவது, அறத்தின் நிலை. சந்தேகிக்கப்பட்ட மனைவிக்குக் கசப்பான நீரைக் குடிக்கக் கொடுக்கும் முறையை எண்ணாகமம் ஐந்தாம் அதிகாரத்தில் காண்கிறோம். உடலைக்கொண்டு மெய்யை அறியும் வேட்கை அத்துணைப் பழமையானது. உபாகமம் 19 ஆம் அதிகாரமோ ஒரே சாட்சியைப் போதாதெனத் தள்ளி, தீர விசாரிக்கும் பொறுப்பை நியாயாதிபதிகள்மீது வைக்கிறது. குற்றத்தால் துன்புற்றோர் உண்மையை நாடுவது நியாயமே. எனினும் விசாரிப்போர் சுமக்கவேண்டிய உழைப்பை, விசாரிக்கப்படுவோரின் நாடித்துடிப்பின்மேல் ஏற்றுதல் தகாது.

ஆதலால் போதகர் தெளிவாகக் கூறலாம்: சோதனைக்கு மறுத்தல் குற்றத்தை ஒப்புக்கொள்வதன்று, அதில் தேறுதல் விடுதலையுமன்று. சபையின் காணிக்கையில் பணம் குறைந்தாலும் இதே நெறி பொருந்தும். ஒருவருடைய முகம் வெளிறியதைக்கொண்டு தீர்ப்புச் சொல்லாமல், ரசீதுகளையும் பதிவேடுகளையும் பொறுமையோடு ஒப்பிட்டுப் பார்ப்போம். பொய்ச்சாட்சி கூறலாகாது என்னும் கட்டளை, விசாரிக்கும் நமக்கும் உரியதே.