கடலோடு வழக்காடிய படம்
காலித் அல் சித்தீக் (1945–2021), குவைத்

குவைத்தின் முதல் முழுநீளத் திரைப்படம் ‘பஸ் யா பஹர்’ (1972). எண்ணெய்ப் பணத்தில் நாடு புதிதாக எழுந்துகொண்டிருந்தபோது, இளமையில் இந்தியாவில் படித்த இந்த இயக்குநர், எண்ணெய்க்கு முந்தைய வறுமையைக் கறுப்பு வெள்ளையில் எடுத்தார். அது துணிச்சலான தேர்வு.

சுறாவால் ஊனமுற்ற முத்துக்குளியாளர் மகன் முசாயிதைக் கடலுக்கு அனுப்ப மறுக்கிறார். ஆனால் மகனுக்குச் செல்வர் வீட்டு நூராவை மணக்கப் பணம் வேண்டும். முசாயித் போகிறான், மாள்கிறான். அவன் உயிரை விலையாகப் பெற்ற முத்தைத் தாய் கடலிலேயே வீசிவிடுகிறாள்.

மூச்சடக்கி மூழ்கும் உடல்களையும் கரையில் காத்திருக்கும் பெண்களையும் கேமரா பொறுமையாகப் பார்க்கிறது. வங்கத்தின் சத்யஜித் ராய் ‘பதேர் பாஞ்சாலி’யில் (1955) காட்டிய அதே மரியாதை: ஏழைகள் இங்கே பரிதாபப் பொருளல்லர். முத்துக்குளித்த கரைகளான தூத்துக்குடி, கீழக்கரை, மன்னார்ப் பக்கத்தவர்களுக்கு இந்தத் தொழிலின் கடன், கயிறு, கடல் எதுவும் அந்நியமாக இராது.

அடுத்த படமான ‘உர்ஸ் அல் ஸெய்ன்’ (1976), சூடான் எழுத்தாளர் தய்யிப் சாலிஹின் கதை. இரண்டையுமே குவைத் ஆஸ்கர் போட்டிக்கு அனுப்பியது.