பிஸ்கட் டின்னுக்குள் ஒரு மருந்துக்கடை

மெர்போக்கில் எனக்குத் தெரிந்த பாட்டி ஒருவர் மருந்துகளைப் பழைய பிஸ்கட் டின்னில் வைத்திருக்கிறார். இனிப்புநீருக்கு மெட்ஃபார்மின், ரத்தக் கொதிப்புக்கு அம்லோடிபின், கொழுப்புக்கு ஒன்று. எல்லாம் அரசாங்க கிளினிக்கில் கொடுத்தவை. அடியில், பசார் மாலாம் என்கிற இரவுச் சந்தையில் வாங்கிய மூட்டுவலி மாத்திரை. டப்பாவில் ‘எம்ஏஎல்’ என்று தொடங்கும் பதிவு எண்ணே இல்லை.

"இதப் போட்டாத்தான் கால் நடக்குதுய்யா." முப்பது வருடம் பால்மரம் வெட்டிய கால்.

இப்படி விற்கும் ‘பாரம்பரிய’ மருந்துகளில் டெக்சாமெத்தாசோன் என்ற ஸ்டீராய்டு கலந்திருப்பதைச் சுகாதார அமைச்சு பலமுறை கண்டுபிடித்து எச்சரித்திருக்கிறது. அது வீக்கத்தை வற்றவைக்கும், வலி பறந்துவிடும். கூடவே ரத்தத்தில் சர்க்கரை ஏறும், கொதிப்பும் கூடும். ஏறியதைப் பார்த்து கிளினிக்கில் மாத்திரையைக் கூட்டுவார்கள். டின் நிறையும். பாட்டி டாக்டரிடம் இந்தச் சந்தை மாத்திரையைப் பற்றிச் சொன்னதே இல்லை. "அது வேரு, மருந்தில்லையே."

2019 தேசியச் சுகாதார ஆய்வின்படி மலேசியப் பெரியவர்களில் 18.3 விழுக்காட்டினருக்கு இனிப்புநீர், இந்தியர்களில் 31.4. நம் வீடுகளில் இந்த டின் இல்லாத வீடு எது?

கிளினிக்கில் ஒரு வெள்ளிக்கு வைத்தியமும் மருந்தும் கிடைக்கின்றன. பக்கத்துச் செமிலிங்கில் இருக்கும் ஏய்ம்ஸ்ட் பல்கலைக்கழகம் மருத்துவர்களையே உருவாக்குகிறது. பிறகு ஏன் சந்தை மாத்திரை? போன வாரம் பாட்டியோடு சந்தைக்குப் போனபோதுதான் புரிந்தது. கடைக்காரர் மலாயில், "நேனேக் (பாட்டி), முட்டி எப்படி இருக்கு?" என்றார். பாட்டி பத்து நிமிடம் சொன்னார். அவரும் கேட்டார்.

முன்பு தோட்ட லயத்தில் இருமினால் பலகைச் சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கும். மருந்து கொடுக்கும் தோட்ட டிரெசருக்கு ஒவ்வொரு முகமும் தெரியும். அவர் கையில் அதிகாரமும் இருந்தது, அதை நான் மறக்கவில்லை. தோட்டங்கள் துண்டாடப்பட்டன, பிள்ளைகள் சுங்கைப் பட்டாணிக்கும் பினாங்குக்கும் வேலைக்குப் போனார்கள். இப்போது குடியிருக்கும் தாமான் வீட்டில் செங்கல் சுவர். பாட்டியின் முட்டியைப் பற்றிக் கேட்க விற்பவர்தான் மிஞ்சினார்.

அந்தச் சந்தை மாத்திரையைச் சட்டென நிறுத்தவும் கூடாது. நாள்பட்ட ஸ்டீராய்டு, உடல் தானே சுரப்பதை அடக்கிவிடும். திடீரென விட்டால் உயிருக்கே ஆபத்து. டாக்டர் சொல்படி படிப்படியாகத்தான் குறைக்கவேண்டும்.

அதனால் செவ்வாய்க்கிழமை டின்னையே தூக்கிக்கொண்டு கிளினிக்குக்குப் போனோம். மருந்தாளர் பெண் எல்லாவற்றையும் மேசையில் கொட்டிப் பிரித்தாள். அடியிலிருந்த டப்பாவை எடுத்தவள், "பாட்டி, இது எப்ப இருந்து?" என்றாள். பாட்டி நாற்காலியை முன்னுக்கு இழுத்து உட்கார்ந்தார்.