சுவரில் தொங்கியது பிரின்ட் இல்லை... 10 கோடி ரூபாய் ஓவியம்!

மூன்று அம்பயர்கள் அண்ணாந்து வானத்தைப் பார்க்கிறார்கள். ஒருவர் உள்ளங்கையை நீட்டித் தூறலைச் சோதிக்கிறார். ஆட்டத்தை நிறுத்துவதா, தொடர்வதா?

1949 ஏப்ரல் 23 தேதியிட்ட 'சாட்டர்டே ஈவினிங் போஸ்ட்' இதழின் அட்டைப்படம் இது. வரைந்தவர் நார்மன் ராக்வெல். அமெரிக்கக் குடும்பங்கள் விரும்பிப் படித்த அந்த வார இதழுக்கு 300-க்கும் மேற்பட்ட அட்டைகளை வரைந்தவர். 'டஃப் கால்' என்ற பெயரில் இந்த ஓவியம் பிரபலம்.

படத்தின் சுவாரஸ்யமே ஸ்கோர்போர்டில்தான் இருக்கிறது. இடம், நியூயார்க்கின் புரூக்ளினில் இருந்த எபெட்ஸ் ஃபீல்டு மைதானம். பிட்ஸ்பர்க் 1, புரூக்ளின் 0. ஆறாவது இன்னிங்ஸில் புரூக்ளின் பேட்டிங் செய்ய வேண்டிய நேரம்.

பேஸ்பாலில் மொத்தம் 9 இன்னிங்ஸ். ஆனால், 5 இன்னிங்ஸ் முடிந்துவிட்டால், மழையால் ஆட்டம் நின்றாலும் முடிவு செல்லும். டி20 கிரிக்கெட்டில் இரண்டு அணிக்கும் குறைந்தது 5 ஓவர் வேண்டும் என்பார்களே, கிட்டத்தட்ட அதே கதை! ஆக, அம்பயர்கள் 'போதும்' என்றால் பிட்ஸ்பர்க் ஜெயித்துவிடும். இப்போது பின்னால் நிற்கும் இருவரையும் பாருங்கள். புரூக்ளின்காரர், 'மழையா, எங்கே?' என்பதுபோல மேலே கைகாட்டுகிறார். பிட்ஸ்பர்க் மேனேஜரோ நனைந்த கோழி மாதிரி குறுகி நிற்கிறார். இருவருக்கும் வானம் ஒன்றுதான், ஆசைதான் வேறு.

அம்பயர்கள் மூவரும் நிஜ மனிதர்கள். லேரி கோட்ஸ், 'பீன்ஸ்' ரியர்டன், லூ ஜோர்டா. இவர்களில் ரியர்டனுக்கு ஒரு பரிசு கிடைத்தது. இந்த ஓவியத்துக்காக முன்கூட்டியே வரைந்து பார்த்த சிறிய வண்ண ஓவியத்தில், வாழ்த்து எழுதிக் கையெழுத்திட்டு அவருக்குக் கொடுத்தார் ராக்வெல்.

காலம் ஓடியது. ரியர்டனின் குடும்பத்தினர் அதை ராக்வெல் கையெழுத்திட்ட பிரின்ட் என்றே நினைத்து, வீட்டுச் சுவரில் மாட்டி வைத்திருந்தனர். விற்பதற்காக ஏல நிறுவனத்திடம் போனபோதுதான் உண்மை தெரிந்தது. அது அச்சு அல்ல. ராக்வெல் தன் கையாலேயே வரைந்த ஓவியம்! 2017 ஆகஸ்டில் அது ஏலம் போன தொகை 16.8 லட்சம் டாலர். அன்றைய மதிப்பில் 10 கோடி ரூபாய்க்கும் மேல்.

அட்டையில் வந்த பெரிய ஓவியம், நியூயார்க் மாநிலத்தின் கூப்பர்ஸ்டவுனில் உள்ள பேஸ்பால் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. புரூக்ளின் அணி 1957 சீசனோடு லாஸ் ஏஞ்சலிஸுக்குப் போய்விட்டது. 1960-ல் மைதானத்தையும் இடித்து, அங்கே அடுக்குமாடிக் குடியிருப்பு கட்டிவிட்டார்கள். மைதானம் போனாலும் அந்தத் தூறல் மட்டும் ஓவியத்தில் நிற்கவே இல்லை.

உங்கள் வீட்டிலும் தாத்தா காலத்துப் படம் இருக்கிறதா? பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள். சின்னச் சின்னப் புள்ளிகள் வரிசையாகத் தெரிந்தால் அச்சாக இருக்கலாம். பெயின்ட் மேடு பள்ளமாக இருந்தால், தூரிகை பட்ட படமாக இருக்க வாய்ப்பு உண்டு. கோடி கிடைக்காவிட்டாலும் பரவாயில்லை, பழைய பேப்பர்காரரிடம் போடும் முன் ஒருமுறை பார்த்துவிடுங்கள்!