ஜெராக்ஸ் சாட்சி சொல்லாது!

ஆபீஸ் நண்பருக்கு அவசரம். 1 லட்சம் கைமாற்று கொடுத்து, புரோநோட்டும் வாங்கியாச்சு. அப்புறம்? 'அடுத்த மாசம் குரு... அடுத்த மாசம்' என்று காலண்டர்தான் மாறுகிறது. பொறுத்துப் பார்த்து, 'கோர்ட்ல பார்த்துக்கறேன்!' என்று கிளம்புகிறீர்கள். கொஞ்சம் நில்லுங்கள் சார். கையில் என்னென்ன பேப்பர் இருக்கிறது? சிவில் கோர்ட்டில் உங்களைவிட அதுதான் அதிகம் பேசும்!

முதலில், ஸ்டாம்ப். பல பத்திரங்களில் முத்திரைத்தீர்வை குறைந்தால் பாக்கியும் அபராதமும் கட்டிச் சரிசெய்யலாம். அபராதம் பத்து மடங்கு வரைகூடப் போகும். புரோநோட்டுக்கோ அந்தச் சலுகையே கிடையாது. ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டாத புரோநோட்டைச் சாட்சியமாக ஏற்க மாட்டார்கள். ஒரு ரூபாய் ஸ்டாம்புக்குச் சோம்பல்பட்டால் லட்ச ரூபாய் ஊசலாடும்!

அடுத்து, தேதி. 'கேட்டவுடன் தருகிறேன்' என்ற புரோநோட் என்றால், எழுதிய நாளிலிருந்து 3 வருஷத்துக்குள் வழக்குப் போட வேண்டும். 'பாவம், பொண்ணு கல்யாணம் முடியட்டும்' என்று இரக்கப்பட்டாலும் கெடு இரக்கப்படாது.

மூன்றாவது, ஒரிஜினல். 'அதெல்லாம் அப்புறம் கொடுத்துக்கலாம்' என்கிற பேச்சே வேண்டாம். நம்பியிருக்கும் ஆவணங்களை, பட்டியலோடு, வழக்குப் போடும்போதே தாக்கல் செய்யச் சொல்கிறது 1908-ம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டம். விட்டதைப் பின்னால் கொண்டுவந்தால் கோர்ட்டின் அனுமதி வேண்டும். ஒரிஜினல் தொலைந்தது, அழிந்தது, எதிராளி கையில் சிக்கிக்கொண்டது என்று தகுந்த காரணம் காட்டினால்தான் ஜெராக்ஸுக்கு மரியாதை.

'வாட்ஸ்அப்ல தர்றேன்னு ஒப்புக்கிட்டானே!' என்கிறீர்களா? நல்லது. ஆனால், பிரின்ட் எடுத்து நீட்டினால் மட்டும் போதாது. 2024 ஜூலை 1 முதல், பழைய 1872 சாட்சியச் சட்டத்தின் இடத்தில் பாரதிய சாக்ஷிய அதிநியம் வந்துவிட்டது. அதன் 63-வது பிரிவுப்படி சான்றிதழ் இணைக்க வேண்டும். அதில் ஒரு பகுதி உங்கள் தரப்பில், இன்னொரு பகுதி நிபுணர் தரப்பில். அதனால் மெசேஜை அழிக்காதீர்கள். போனையும் எக்ஸ்சேஞ்சில் தள்ளிவிடாதீர்கள்!

இத்தனையும் தாண்டி 'ஏ-1' என்று நம்பர் போட்டுவிட்டால் ஜெயித்த மாதிரியா? அதுவும் இல்லை. 'கையெழுத்து என்னுதே இல்ல' என்று அவர் ஒரே போடாகப் போட்டால், அது அவருடையதுதான் என்று நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். எழுதும்போது பக்கத்தில் இருந்த சாட்சி அப்போது கை கொடுப்பார். நிரூபித்துவிட்டால், பணம் கைமாறியதாகவே கோர்ட் அனுமானிக்கும். இல்லையென்று காட்டுவது அவர் பாடு.

'சிநேகிதன்கிட்ட போய் ஸ்டாம்ப், சாட்சின்னு கேட்டா என்ன நினைப்பான்?' என்று கூச்சமாகத்தான் இருக்கும். கூண்டில் ஏறி நின்றுகொண்டு அதே சிநேகிதனைப் பார்க்கும் சங்கடத்துக்கு, இந்தக் கூச்சம் எவ்வளவோ தேவலை!