ஒரே உலையில் வெந்த இறையியல்

உளுந்தூர்பேட்டையிலிருந்து சேலம் போகிறவர்களில் பாதிப்பேர் தியாகதுருகத்தைத் தூக்கக் கலக்கத்தில்தான் கடந்திருப்பார்கள். விழித்திருந்தவர்கள் கோட்டை இருக்கும் குன்றைப் பஸ் ஜன்னல் வழியாகப் பார்த்ததோடு சரி. சுற்றிலும் கரும்பும் மக்காச்சோளமும் விளைகிற ஊர்கள். இந்த வட்டாரத்துக் காலனித் தெருக்கள் சிலவற்றில் சின்னதாக ஓர் ஆலயம் இருக்கும். மாதத்தில் ஒரு ஞாயிறு போதகரான ஐயர் வந்து நற்கருணை கொடுப்பார். மற்ற ஞாயிறுகளில் உபதேசியாரே பார்த்துக்கொள்வார். ‘விடுதலை இறையியல்’ என்றால் என்னவென்று அங்கே போய்க் கேட்டால் சிரிப்பார்கள். அந்த இறையியல் எழுதப்பட்டதே அவர்களை வைத்துத்தான் என்பது வேறு விஷயம்.

சபைக்குள் சமத்துவம் உண்டா என்ற கேள்வியை நம் மண்ணில் எழுப்பியது தத்துவமல்ல, சோறு. மதுரையில் அமெரிக்க மிஷன் 1847-ல் கறாராக ஒரு விதி வைத்தது: மிஷனில் வேலை செய்பவர்கள் சாதி பாராமல் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட வேண்டும். மாட்டோம் என்று வேலையை விட்டுப் போனவர்கள் பலர். அதே காலத்தில் லைப்சிக் மிஷனில் இருந்த கார்ல் ஓக்ஸ் என்ற ஜெர்மானியருக்கும் அவருடைய தலைமைக்கும் இதே விஷயத்தில்தான் முட்டிக்கொண்டது. சாதியைக் கொஞ்சம் பொறுத்துப்போவோம், காலப்போக்கில் கரையும் என்பது தலைமையின் கட்சி. ஓக்ஸ் ஒப்பவில்லை. விலகி வந்து கடலூர்ப் பக்கம் மேல்பட்டாம்பாக்கத்தில் தனியாக ஊழியம் தொடங்கினார். 1860-களில் டேனிஷ் மிஷன் அவரைச் சேர்த்துக்கொண்டது. கடலூரைத் தலைமையிடமாகக் கொண்ட இன்றைய ஆற்காடு லுத்தரன் திருச்சபையின் ஆணிவேர் அங்கேதான் இருக்கிறது. சாதியைப் பொறுக்க முடியாமல் வெளியேறிய ஒருவரிடமிருந்து பிறந்த சபை இது. இந்தப் பக்கத்து மேடைகளில் இதை உரக்கச் சொல்லி நான் கேட்டதில்லை.

ஆனால் இறையியல் பாடநூல்கள் கதையை இங்கிருந்து ஆரம்பிப்பதில்லை, சுவிட்சர்லாந்துக்குப் போய்விடும். கார்ல் பார்த் 1911 முதல் பத்தாண்டுகள் சாஃபென்வில் என்ற ஊரில் போதகராக இருந்தவர். ஆலைத் தொழிலாளர்கள் சங்கம் வைக்கத் துணை நின்றதால் ஊர் முதலாளிகள் அவரைச் சிவப்புச் சாமியாராகப் பார்த்தார்கள். 1919-ல் வந்த அவருடைய ரோமர் நிருப விளக்கவுரை ஐரோப்பியப் புரொட்டஸ்டன்ட் சிந்தனையைப் புரட்டிப்போட்டது. அந்தப் பார்த்தைப் பற்றி முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்த ஜேம்ஸ் கோன் என்ற கறுப்பின அமெரிக்கர், மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்ட மறு ஆண்டு, 1969-ல், கறுப்பு இறையியலின் முதல் நூலை வெளியிட்டார். இரண்டு வருடத்தில் பெருவிலிருந்து கத்தோலிக்கக் குரு குஸ்தாவோ குத்தியேரெஸின் விடுதலை இறையியல் புத்தகம் வந்தது. இதெல்லாம் வாசகர்கள் அங்கங்கே படித்ததுதான்.

நம் பக்கம் அதுவரை என்ன நடந்தது? சென்னையில் சக்கரையும் செஞ்சையாவும், அவர்களுக்குப் பின் ஏ.ஜே. அப்பாசாமியும் கிறிஸ்துவை வேதாந்தத்தோடும் பக்தி மார்க்கத்தோடும் பொருத்திப் பார்த்தார்கள். அழகான வேலைதான். ஆனால் சபையில் உட்கார்ந்திருந்தவர்களில் பெரும்பாலோர் வேதாந்தம் ஓதிய தெருவுக்குள் நுழைய முடியாதவர்கள். இதைப் பட்டென்று போட்டுடைத்தவர் அர்விந்த் நிர்மல். பெங்களூர் ஐக்கிய இறையியல் கல்லூரியில் 1981-ல் அவர் ஆற்றிய உரைதான் தலித் இறையியலுக்குப் பிள்ளையார் சுழி (கிறிஸ்தவர்கள் மன்னிக்க). லத்தீன் அமெரிக்கர்கள் வர்க்கத்தைப் பார்த்தார்கள், அது மட்டும் நமக்குப் போதாது என்றார். பிறகு சென்னை குருகுல் கல்லூரியில் தலித் இறையியலுக்கென்றே ஒரு துறை வந்தது.

இனி நான் சொல்ல வந்த ஆளுக்கு வருகிறேன். மதுரை அரசரடியில் 1969-ல் தொடங்கிய தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் ஜே. தியோபிலஸ் அப்பாவு ஆசிரியராக இருந்தார். மாணவர்களுக்கு அவர் ‘பரட்டை அண்ணன்’. கர்நாடக ராகத்தில் அமைந்த கீர்த்தனைகளையும் ஐரோப்பிய மெட்டில் வந்த ஞானப்பாட்டுகளையும் தாண்டி, நடவுப் பாட்டு, தாலாட்டு, ஒப்பாரி மெட்டுகளில் ஆராதனை முறையையே எழுதினார். பறை ஆலயத்துக்குள் வந்தது. சாவுக்கு மட்டும் அடி என்று ஊர் ஒதுக்கிவைத்த கருவி அது.

பாட்டைவிட எனக்குப் பெரிதாகப் படுவது அவர் பேசிய ‘ஒரே உலை’. வீட்டுக்கு வீடு தனி அடுப்பு எரிவதை விட்டுவிட்டு, உழைத்தவர்கள் எல்லாரும் ஓர் உலையில் பொங்கிப் பங்கிட்டுச் சாப்பிடுவதுதான் நற்கருணையின் அர்த்தம் என்றார். கொரிந்து சபையில் ஒருவன் பசித்திருக்க இன்னொருவன் வயிறு முட்டக் குடித்ததற்காகப் பவுல் திட்டியதை நினைவில் வைத்துக்கொண்டால், அப்பாவு புதிதாக எதையும் கொண்டுவரவில்லை என்பது விளங்கும். யார் சமைப்பது, யார் பரிமாறுவது, யார் யார் பக்கத்தில் உட்கார்வது என்ற மூன்று கேள்விக்குள் சாதி, கூலி, ஆண் பெண் பேதம் எல்லாமே வந்துவிடுகிறது. 1847-ல் மிஷன் சட்டம் போட்டுச் செய்யப் பார்த்ததை இவர் பாட்டுப் பாடிச் செய்யப் பார்த்தார். 2005-ல் இறந்துபோனார்.

அந்த உலை என்ன ஆயிற்று என்பதுதான் என் கவலை. நெல்லை, தூத்துக்குடிச் சபைகளில் அசனப் பண்டிகை இன்றும் உண்டு. அண்டா அண்டாவாகச் சோறு வடித்து ஊரே சாப்பிடும். இங்கோ கிறிஸ்துமஸ் என்றால் பிரியாணி மாஸ்டருக்கு அட்வான்ஸ், பிறகு வீட்டுக்கு வீடு பார்சல். கொரோனா இதற்கு நல்ல சாக்காகிவிட்டது. நற்கருணையிலும் பொதுவான கிண்ணம் போய், மருந்துக் குப்பி அளவில் ஆளுக்கொரு தம்ளர். சுகாதாரம்தான், குறை சொல்ல முடியாது. ஆனால் பார்சல் சோற்றில் யாரும் யார் பக்கத்திலும் உட்கார வேண்டியதில்லை.

தலித் இறையியலோ ஆங்கிலத்தில் செழிப்பாக வளர்கிறது. பறையையே கிறிஸ்துவின் அடையாளமாகப் பார்த்த சத்தியநாதன் கிளார்க்கின் புத்தகம் 1998-ல் ஆங்கிலத்தில் வந்தது. அப்பாவுவின் இசையைப் பற்றி அமெரிக்க ஆய்வாளர் ஜோயி ஷெரினியன் 2014-ல் எழுதிய நூலும் ஆங்கிலமே. இவற்றைப் படித்துவிட்டுக் கிராமத்துக்கு வரும் இளம் ஐயரிடம் சபை கேட்பது கீபோர்டும் யூடியூபில் கேட்ட ஆசீர்வாதப் பாட்டும். அவரும் பாவம், என்ன செய்வார்? ‘தலித்’ என்ற வார்த்தையை மேடையில் சொல்லவே யோசிக்க வேண்டியிருக்கிறது. 1950-ம் வருட ஆணைப்படி கிறிஸ்தவரானால் பட்டியலினச் சலுகை கிடையாது; சீக்கியருக்கு 1956-லும் பௌத்தருக்கு 1990-லும் திறந்த கதவு இவர்களுக்குத் திறக்கவில்லை. அதனால் சான்றிதழில் ஒரு மதமும் ஞாயிற்றுக்கிழமை ஒரு மதமுமாக வாழ்கிற குடும்பங்கள் ஏராளம். அவர்களை எதற்கு வெளிச்சத்தில் நிறுத்துவது என்று ஐயர் பேசாமல் இருந்துவிடுகிறார்.

பறையைத் தூக்கிப் போட்டதே எங்கள் விடுதலை, அதை மறுபடி ஏன் கையில் திணிக்கிறீர்கள் என்று கேட்கும் இளைஞர்களும் உண்டு. நியாயமான கேள்விதான். ஆனால் உலையைப் பற்றி அவர்கள் எதுவும் சொல்லவில்லை.

இதைப் பழைய கதை என்பவர்கள் உளுந்தூர்பேட்டைப் பக்கம் இறையூரை மறக்கக் கூடாது. அது கத்தோலிக்க ஊர். தனிப் பங்கு வேண்டும் என்று தலித் கிறிஸ்தவர்கள் கேட்டதில் சாதிக் கிறிஸ்தவர்களோடு மூண்ட பிரச்சினை, 2008 மார்ச்சில் கலவரமாகி, போலீஸ் துப்பாக்கிச்சூட்டில் இருவர் உயிர் போயிற்று. இரு தரப்பும் ஒரே மாதாவைக் கும்பிட்டவர்கள். மேற்கே கல்வராயன் மலையில் ஜாகிர்தார்களின் ஆட்சி முடிந்தது 1976-ல்தான். அடிமைகள் விடுதலையான கதையைச் சொல்லும் யாத்திராகமத்தை விளக்க எகிப்துக்குப் போக வேண்டாத ஜில்லா இது.

இறையியல் கல்லூரிகளில் கிராமப் பயிற்சி என்று மாணவர்களைச் சபைகளுக்கு அனுப்புகிறார்கள். அறிக்கை எழுதி வாங்கி மதிப்பெண் போடுகிறார்கள். அதற்குப் பதிலாக, தியாகதுருகம் மாதிரி ஓர் இடத்தில், காலனியும் ஊர்த்தெருவும் சேர்ந்து உட்காரும் ஒரு பந்தியை மாணவரே அரிசி வாங்கி, அடுப்பு மூட்டி, நடத்திக் காட்டட்டும். பேராசிரியரும் அந்த இலையில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு மதிப்பெண் போடட்டும்.