மாலைத் தொடரும் மறவாத் தமிழும்

விளக்கு வைத்தானதும் கொல்லங்கோட்டுத் தமிழ் வீடுகளில் திண்ணைப் பேச்சு ஓய்ந்து, தொலைக்காட்சித் தொடர் தொடங்கிவிடுகிறது. பாட்டி முதல் பேரன் வரை அதன்முன் அமர்கின்றனர். இதனை இகழ்வோர் பலர். இகழுமுன் சிறிது ஆராய்வது நம் கடமையன்றோ?

தொடர்கதை நமக்குப் புதிதன்று. 1950-இல் 'கல்கி' இதழில் 'பொன்னியின் செல்வன்' வெளிவரத் தொடங்கியபோது, வீட்டில் ஒருவர் படிக்க மற்றையோர் சூழ்ந்திருந்து கேட்டதுண்டு. அன்று கதை எழுத்தின் வழியே இல்லம் புகுந்தது. 1984-இல் தூர்தர்ஷன், மெக்சிகோ நாட்டுத் தொடர்களை முன்மாதிரியாகக் கொண்டு, 'ஹம் லோக்' என்னும் இந்தித் தொடரை ஒளிபரப்பிற்று. குடும்பநலக் கருத்தைப் பரப்புவது அதன் நோக்கங்களுள் ஒன்று. 1993-இல் சன் தொலைக்காட்சி தோன்றியது. 1999-இல் ராதிகா நடித்த 'சித்தி'யும், 2002-இல் ஐந்து பெண்களைப் பெற்ற தந்தையின் கதையாகிய 'மெட்டி ஒலி'யும் தமிழ் இல்லங்களை ஆட்கொண்டன. வாரக்கதை நாட்கதையாயிற்று.

மாமியார் கொடுமையும் பழிவாங்கலும் இத்தொடர்களில் மிகுதி என்பது மெய்யே. எனினும், மலையாளவழிப் பள்ளியில் பயிலும் நம் பிள்ளைகளின் செவியில் நாள்தோறும் தமிழ் விழச் செய்தவையும் இவையே. சித்தூர் வட்டத்திற்கும், தேவிகுளம், பீர்மேட்டுத் தேயிலைத் தோட்டங்களுக்கும் இது சிறு நன்மையன்று.

இப்பொழுதோ நிலைமை மாறி வருகிறது. பாலக்காட்டுக் கணவாயில் காற்று இருபுறமும் வீசுவதுபோல், கதைகளும் இருபுறமும் செல்கின்றன. 2014-இல் வந்த மலையாளக் 'கறுத்தமுத்து' 2019-இல் தமிழில் 'பாரதி கண்ணம்மா' ஆயிற்று. 2018-இல் வந்த 'பாண்டியன் ஸ்டோர்ஸ்' 2020-இல் மலையாளத்தில் 'சாந்த்வனம்' ஆயிற்று. கலைக்கு எல்லை இல்லை; மகிழ்வோம். ஆனால், ஒரே கதை இரு மொழியிலும் கிடைக்குமாயின், பிள்ளை தனக்கு எழுத்துத் தெரிந்த மொழியையே நாடும். பாட்டி தமிழிலும் பேரன் மலையாளத்திலுமாகத் தனித்தனியே கதை கேட்கும் நாள் தொலைவில் இல்லை.

அன்பர்களே, இன்றிரவு ஒரு சோதனை செய்து பாருங்கள். தொடரின் பெயர் திரையில் தோன்றும்போது அதனைப் படிக்குமாறு பிள்ளையிடம் கூறுங்கள். கதைமாந்தர் அனைவரையும் அறிந்த குழந்தை, அவ்வெழுத்துகளின் முன் விழிக்குமாயின், பிழை தொடருடையதன்று, நம்முடையது. விளம்பர இடைவேளைகள் பல உண்டு. ஓர் இடைவேளைக்கு ஓர் எழுத்து எனச் சொல்லிக்கொடுத்தாலும், 'மெட்டி ஒலி' போன்றதொரு நெடுந்தொடர் முடிவதற்குள் பிள்ளை இவ்விதழைத் தானே படித்துவிடும்.