மலைவளைவில் தேயும் ஆறு குண்டுகள்

கண்டி நகரிலிருந்து ஹந்தானைத் தேயிலை நூதனசாலைக்கு ஏறும் வீதியில் கார் ஓட்டுபவர்களுக்கு ஒரு சத்தம் நன்றாகப் பழக்கம். ஸ்டியரிங்கை முழுவதுமாக ஒடித்து, முதலாம் கியரில் வளைவை ஏறும்போது முன்சில்லின் பக்கமிருந்து 'டக், டக், டக்' என்று கேட்கும். வீதி நேரானதும் நின்றுவிடும். நின்றுவிடுவதாலேயே பலர் அதைக் கணக்கில் எடுப்பதில்லை. என்ஜினின் வலுவைச் சில்லுக்குக் கொண்டுசேர்க்கும் சீவி ஜொயின்ட் தேய்ந்துவிட்டது என்பதற்கு அதுவே முதல் அடையாளம்.

2020 மார்ச்சில் இலங்கையில் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டது. தனியார் வாகனங்களுக்கான தடை நீங்கியது 2025 பெப்ரவரியில்தான். இடைப்பட்ட ஐந்து ஆண்டுகளும் இருந்த வாகனத்தையே பேணி ஓட்ட வேண்டிய காலம். மலைநாட்டு வீதிகளில் ஓடும் மாருதி, அல்டோ, விட்ஸ் போன்ற சிறிய கார்களில் பெரும்பாலானவை முன்சில்லு இழுவைக் கார்கள். அவற்றின் ஒவ்வொரு முன்சில்லுக்கும் உள்ளே ஒன்று, வெளியே ஒன்று என இரண்டு ஜொயின்ட்டுகள் உண்டு. தேய்ந்துபோவது பெரும்பாலும் வெளி ஜொயின்ட்தான்.

அதை வீட்டிலேயே கழற்ற முடியுமா? முடியும். பலர் செய்கிறார்கள். சுத்தியலைக் கையில் எடுக்குமுன், அந்தப் பாகம் ஏன் அப்படிச் செய்யப்பட்டிருக்கிறது என்று தெரிந்துகொண்டால் வேலை பாதியாகக் குறையும். ஆபத்து அதைவிடக் குறையும்.

சுழற்சியை வளைத்து அனுப்புவது

பழைய மொரிஸ் மைனர் காரில் என்ஜின் முன்னால் இருக்கும், வலு பின்சில்லுக்குப் போகும். நடுவில் ஓடும் நீண்ட தண்டின் முனைகளில் குறுக்குச் சட்ட வடிவில் ஒரு மூட்டு இருக்கும். 17ஆம் நூற்றாண்டின் ஆங்கிலேய விஞ்ஞானி ரொபர்ட் ஹூக்கின் பெயரால் அதை ஹூக் மூட்டு என்பார்கள். எளிமையானது, உறுதியானது. ஆனால் ஒரு குறை உண்டு. மூட்டு வளைந்திருக்கும்போது, ஒரு பக்கம் ஒரே சீராகச் சுழன்றாலும் மறுபக்கம் சீராகச் சுழலாது. 40 பாகை வளைவில் ஒரு பக்கம் 100 என்ற வேகத்தில் சுற்றினால், மறுபக்கத்தின் வேகம் ஏறத்தாழ 77க்கும் 131க்கும் இடையில் ஏறி இறங்கும். அதுவும் ஒவ்வொரு சுற்றுக்கும் இரண்டு தடவை. மொரிஸ் மைனரின் தண்டில் வளைவு மிகச் சிறியதாகையால் இந்தக் குறை தெரிவதில்லை. திரும்பவும் வேண்டும், இழுக்கவும் வேண்டும் என்ற முன்சில்லில் அதைப் பூட்டினால் ஒவ்வொரு திருப்பத்திலும் ஸ்டியரிங் உதறும்.

இதற்குத் தீர்வு தேடியவர்களில் ஒருவர் ஃபோர்ட் நிறுவனத்தின் பொறியியலாளர் ஆல்ஃபிரட் ஸெப்பா. 1920களின் பிற்பகுதியில் அவர் வடிவமைத்த மூட்டில் ஆறு எஃகுக் குண்டுகள் இருந்தன. என்ஜின் பக்கத்திலிருந்து வரும் ட்ரைவ் ஷாஃப்ட்டின் முனையில் வெளிப்புறம் ஆறு பள்ளங்கள் கொண்ட உள்வளையம். சில்லின் பக்கம் உட்புறம் ஆறு பள்ளங்கள் கொண்ட கிண்ணம். இரண்டுக்கும் இடையில் குண்டுகள். அவற்றை ஒரே தளத்தில் பிடித்துவைக்க ஒரு கூடு. பள்ளங்கள் வளைவாகக் குடையப்பட்டிருப்பதால், மூட்டு எந்தக் கோணத்தில் வளைந்தாலும் குண்டுகளின் தளம் அந்தக் கோணத்தைச் சரிபாதியாகப் பிரிக்கும் இடத்துக்கு வந்து நிற்கும். சில்லு 40 பாகை திரும்பினால் குண்டுகள் 20 பாகையில் நிற்கும். அப்போது ஒவ்வொரு குண்டும் இரு பக்கத்து அச்சுகளிலிருந்தும் சம தூரத்தில் இருக்கிறது. தூரம் சமமானால் வேகமும் சமம். நிலைமாறா வேகம் என்பதன் ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்துகள்தான் சீவி.

 இரண்டாம் உலகப் போர்க்காலத்து அமெரிக்க ஜீப்புகள் பலவற்றின் முன் அச்சில் ஸெப்பாவின் மூட்டே இருந்தது. நான்கு சில்லுகளும் இழுக்கும் வண்டிக்கு இத்தகைய மூட்டு பெரிதும் உதவும். சாதாரணக் குடும்பங்களின் காரில் அது பரவலானது 1959இல் பிரித்தானியாவில் மினி கார் வெளிவந்த பிறகுதான். இன்று முன்சில்லு இழுவைக் கார்களின் வெளி ஜொயின்ட்டில் பெரும்பாலும் அதே வடிவமே இருக்கிறது.

மலை வீதியின் கணக்கு

சமதரையில் ஒரே வேகத்தில் ஓடும் 1,000 கிலோ எடையுள்ள காருக்கு டயரின் உருளல் தடையை வெல்ல ஏறக்குறைய 130 நியூட்டன் விசை போதும். அதே கார் எட்டு அடிக்கு ஓரடி உயரும் சாய்வில் ஏறும்போது ஏறக்குறைய 1,350 நியூட்டன் வேண்டும். பத்து மடங்கு. சில்லின் ஆரை 29 சென்ரிமீட்டர் என்று கொண்டால், ஒவ்வொரு முன்சில்லின் ஜொயின்ட்டும் ஏறத்தாழ 195 நியூட்டன் மீட்டர் முறுக்குவிசையைத் தாங்குகிறது. குண்டுகள் இருப்பதோ மையத்திலிருந்து ஏறக்குறைய 3 சென்ரிமீட்டர் தூரத்தில். கணக்கிட்டால் ஒவ்வொரு குண்டும் 100 கிலோவுக்கு மேற்பட்ட பாரத்தை ஒரு சிறு புள்ளியில் சுமக்கிறது. ஆறு குண்டுகளும் பாரத்தைச் சமமாகப் பகிர்ந்தால்தான் இந்தக் கணக்கு. வளைவில் அது சமமாகப் பகிரப்படுவதுமில்லை.

கொழும்பின் சமதரையில் ஓடும் காருக்குப் பெரிய முறுக்குவிசையும் பெரிய கோணமும் ஒன்றாக நேர்வது அரிது. ஹந்தானையின் கூர்வளைவில் இரண்டும் ஒரே நொடியில் நேர்கின்றன. மலைநாட்டுக் காரின் வெளி ஜொயின்ட் வேகமாகத் தேய்வதற்கு இதுவே அடிப்படைக் காரணம்.

கார் நேராக ஓடும்போது குண்டுகள் பள்ளத்தின் நடுப்பகுதியிலேயே நிற்கின்றன. தேய்மானம் அங்கே சிறு குழியாக விழுகிறது. திரும்பும்போது குண்டு பள்ளத்தில் முன்னும் பின்னும் ஓட வேண்டும். குழியின் விளிம்பைத் தாண்டும் ஒவ்வொரு தடவையும் தட்டுகிறது. அதுதான் 'டக்'. மணிக்கு 10 கிலோமீட்டர் வேகத்தில், 29 சென்ரிமீட்டர் ஆரையுள்ள அதே சில்லு நொடிக்கு ஏறக்குறைய ஒன்றரைச் சுற்றுச் சுற்றும். சத்தமும் அதே தாளத்தில் வந்து, வேகம் கூடக் கூட நெருங்கினால் ஜொயின்ட்டைச் சந்தேகிக்கலாம். நேரே ஓடும்போதும் உறுமல் கேட்டால் பெரும்பாலும் அது சில்லுப் பெயரிங், வேறு வேலை.

ரப்பர் கிழிந்தால் எஃகு சாகும்

இவ்வளவு பாரத்தையும் கடினப்படுத்திய எஃகு பல ஆண்டுகள் தாங்கும், கிரீஸ் உள்ளேயும் மணல் வெளியேயும் இருக்கும்வரை. அந்த எல்லையைக் காப்பது மடிப்பு மடிப்பாக இருக்கும் பூட் என்ற ரப்பர் உறை. ஒவ்வொரு திருப்பத்திலும் அதன் மடிப்புகள் ஒரு பக்கம் நசுங்கி மறுபக்கம் விரிகின்றன. மடிப்பின் அடியில் ரப்பர் வெடிக்கும். சுழற்சி கிரீஸை வெளியே விசிறும். மழைநீரும் கல்துகளும் உள்ளே போகும். மிச்சமிருக்கும் கிரீஸும் மணலும் சேர்ந்தால் எஃகை அராவும் பசைதான் மிஞ்சும். டயரின் உட்புறத்திலும் அருகிலுள்ள இரும்பிலும் கறுப்புக் கிரீஸ் தெறித்திருந்தால் பூட் கிழிந்துவிட்டது என்று அர்த்தம். சத்தம் வருமுன் கண்டால் பூட்டையும் கிரீஸையும் மட்டும் மாற்றினால் போதும். சத்தம் வந்தபின் ஜொயின்ட்டையே மாற்ற வேண்டும்.

முதலில் சமதரை

ஹந்தானையில் இந்த வேலையின் மிகக் கடினமான பகுதி சமதரை தேடுவது. வீட்டு வாசலே சரிவாக இருக்கும் இடத்தில் காரை ஜாக்கில் ஏற்றக்கூடாது. ஒரு முன்சில்லு உயர்ந்ததும் காரின் எடை இடம் மாறும், சரிவு அதற்கு உதவும், ஜாக் சாயும். கோயில் முன்றலோ, விளையாட்டு மைதான ஓரமோ, கெட்டியான சமதரை கிடைக்கும் இடத்தில் அனுமதி கேட்டுச் செய்யுங்கள். பின்சில்லுகள் இரண்டுக்கும் முன்னும் பின்னும் கட்டை வையுங்கள். ஜாக் தூக்குவதற்கு மட்டும். தாங்குவதற்கு ஜாக் ஸ்டாண்ட் வேண்டும். உள்ளே குழியுள்ள சீமெந்துக் கல்லை ஒருபோதும் முட்டாக வைக்காதீர்கள். அது எச்சரிக்கையின்றி உடையும்.

சில்லு தரையில் இருக்கும்போதே நடுவிலுள்ள எக்சல் நட்டைத் தளர்த்த வேண்டும். அதன் விளிம்பு தண்டின் பள்ளத்துக்குள் தட்டி மடக்கப்பட்டிருக்கும், அல்லது ஒரு பின் போட்டிருக்கும். அதை முதலில் எடுங்கள். ஒருவர் பிரேக்கை மிதித்திருக்க, நீண்ட கைப்பிடியுள்ள சொக்கெட்டால் திருப்புங்கள். காரை உயர்த்தியபின் இவ்வளவு விசை கொடுத்தால் கார் ஸ்டாண்டிலிருந்து நழுவலாம்.

பிறகு சில்லைக் கழற்றி, பிரேக் கலிப்பரை எடுத்துக் கம்பியால் கட்டித் தொங்கவிடுங்கள். பிரேக் ஹோஸில் தொங்கவிட்டால் ஹோஸ் உள்ளே கிழியும். ஏபிஎஸ் வயர் இருந்தால் அதையும் விடுவியுங்கள். கீழ் போல் ஜொயின்ட்டைப் பிரித்தால், சில்லைத் தாங்கும் ஹப் வெளிப்பக்கம் சாயும். எக்சல் நட்டை மரைமுனையோடு சமமாக விட்டு, மென்மையான சுத்தியலால் தட்டினால் தண்டு ஹப்பிலிருந்து பின்வாங்கும். மரையின் மேல் நேரடியாக அடித்தால் அது சிதைந்து புது நட் ஏறாது.

மறைந்திருக்கும் வளையம்

பூட்டின் கிளிப்புகளை வெட்டி, உறையைப் பின்னால் தள்ளி, கிரீஸை வழித்தெடுங்கள். இப்போது ஜொயின்ட்டை எவ்வளவு இழுத்தாலும் வராது. பல கார்களில் ஷாஃப்ட்டின் முனைப் பள்ளத்தில், வாய் திறந்த வளையல் போன்ற ஒரு சேர்க்கிளிப் உள்ளே ஒளிந்திருக்கிறது. அது விரிந்திருக்கும்வரை உள்வளையத்தைப் போகவிடாது. உள்வளையத்தின் ஓரம் சாய்வாக இருப்பதால், போதுமான விசை கிடைத்தால் கிளிப் சுருங்கிப் பள்ளத்துக்குள் போய்விடும்.

கை இழுவை சில நூறு நியூட்டன்தான். அதிலும் ஒரு பகுதி மூட்டு வளைவதிலேயே வீணாகும். ஒரு கிலோச் சுத்தியல் நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் வந்து, நொடியின் ஆயிரத்தில் ஒரு பங்கில் நின்றால் சராசரி விசை 5,000 நியூட்டன். அரைத் தொன் எடைக்குச் சமம். ஆகவே பலத்த இழுவை வேண்டாம், குறுகிய, நேரான ஓர் அடி போதும். பித்தளைத் தண்டை உள்வளையத்தின் மேல் வைத்து, ஷாஃப்ட்டின் திசையிலேயே வெளிநோக்கி அடியுங்கள். கிண்ணத்தில் அடித்தால் தேய்ந்த குண்டுகளின் தளர்விலேயே அடியின் பெரும்பகுதி கரைந்துபோகும். கடினப்படுத்திய எஃகில் எஃகுச் சுத்தியல் பட்டால் துணுக்குகள் தெறிக்கும். பாதுகாப்புக் கண்ணாடி அணியாமல் இந்த வேலையில் இறங்காதீர்கள்.

ஷாஃப்ட் காரிலேயே இருந்தால் இன்னொருவர் அதை உள்நோக்கி அழுத்திப் பிடிக்க வேண்டும். இல்லாவிட்டால் வெளிநோக்கிய அடி, கியர்பொக்ஸ் பக்கத்து உள் ஜொயின்ட்டை இழுத்துப் பிரித்துவிடும். சில மாதிரிகளில் சேர்க்கிளிப்பை இடுக்கியால் விரித்து எடுக்க வேண்டும். வேறு சிலவற்றில் வெளி ஜொயின்ட் ஷாஃப்ட்டிலிருந்து பிரியவே பிரியாது. முழு ஷாஃப்ட்டையும் மாற்ற வேண்டும். உங்கள் காரின் கையேட்டில் இதைப் பார்த்த பிறகே சுத்தியலை எடுங்கள்.

மீண்டும் பூட்டும்போது

புது ஜொயின்ட் வாங்கக் கொழும்பு பஞ்சிகாவத்தைக்கோ கண்டிக் கடைக்கோ போகும்போது பழைய ஜொயின்ட்டையும் கையோடு கொண்டுபோங்கள். உட்பக்கப் பற்கள், வெளிப்பக்கப் பற்கள், ஏபிஎஸ் வளையத்தின் பற்கள் மூன்றும் எண்ணிக்கையில் பொருந்த வேண்டும். சேர்க்கிளிப், பூட் கிளிப், எக்சல் நட் மூன்றையும் புதிதாகவே போடுங்கள். கிரீஸ், மொலிப்டினம் டைசல்ஃபைட் கலந்த சீவி கிரீஸாக இருக்கட்டும். குண்டுக்கும் பள்ளத்துக்கும் இடையே எண்ணெய்ப்படலம் நசுங்கும் நொடியில், அந்தப் பொருளின் மெல்லிய அடுக்குகள் ஒன்றன்மேல் ஒன்று வழுக்கி எஃகைக் காக்கின்றன. பூட்டியதும் ஜொயின்ட்டை ஒருதரம் இழுத்துப் பாருங்கள். வராவிட்டால் கிளிப் சரியாக மாட்டிக்கொண்டது. எக்சல் நட்டைக் கையேடு சொல்லும் அளவுக்கு டோர்க் ரெஞ்சால் இறுக்குங்கள். அந்த அழுத்தத்தை நம்பியே பல கார்களின் சில்லுப் பெயரிங் நிற்கிறது.

வழித்தெடுத்த கிரீஸைக் கானில் விடாதீர்கள். ஹந்தானை மலைத்தொடர் 2010இல் சூழல் பாதுகாப்புப் பிரதேசமாகப் பிரகடனம் செய்யப்பட்டது. இங்கே ஊறும் ஓடைகளின் நீர் மகாவலிக்குப் போகிறது. பழைய துணியில் சுற்றி, வாகனங்களின் கழிவெண்ணெய் சேர்க்கும் கராஜில் கொடுங்கள்.

சமதரை, ஸ்டாண்ட், கையேடு, துணைக்கு ஓர் ஆள் ஆகிய நான்கில் ஒன்று குறைந்தாலும் இந்த வேலையைத் தெரிந்த கராஜ் பாஸிடம் விட்டுவிடுவதே அறிவு. ஆனால் பூட்டைப் பார்ப்பதற்கு இவை ஒன்றும் தேவையில்லை. மாதம் ஒருமுறை கார் கழுவும்போது ஸ்டியரிங்கை ஒரு பக்கம் முழுவதும் ஒடித்து, என்ஜினை நிறுத்தி, சில்லின் பின்னால் டோர்ச் அடித்து அந்த ரப்பர் மடிப்புகளைப் பாருங்கள். மறுபக்கமும் அப்படியே. வெடிப்புக் கண்டால் அந்த வாரமே மாற்றுங்கள்; ஜொயின்ட்டைக் கழற்றி எறியும் நாள் பல ஆண்டுகள் தள்ளிப்போகும்.